தரகரின் பதிவு எண்ணைப் பார்த்த பிறகே அட்வான்ஸ்

வியாபாரிகளாகிய நாம் ஒரு மூட்டை மிளகாய் வாங்கினாலும் உள்ளே கையை விட்டு அள்ளிப் பார்த்துத்தான் வாங்குகிறோம். புதிய ஊர்க்காரர் கடனுக்குச் சரக்குக் கேட்டால், அந்த ஊரில் இரண்டு பேரிடமாவது விசாரிக்கிறோம். ஆனால் கடைக்கோ, குடோனுக்கோ, மனைக்கோ லட்சக்கணக்கில் அட்வான்ஸ் கொடுக்கும்போது மட்டும், "தெரிந்த புரோக்கர்தான்" என்ற ஒரே வார்த்தையை நம்பிப் பணத்தை எண்ணிக் கொடுத்துவிடுகிறோம்.

நம்முடைய பணம் சுழலும் பணம். அது ஒரு மனையில் முடங்கினால் கொள்முதல் நிற்கும். சரக்கு எடுத்த இடத்தில் சொன்ன தேதிக்குப் பணம் போகாது. பல வருடம் சேர்த்த நாணயம் ஒரே மாதத்தில் கெடும். ஆகவே புரோக்கரைப் பற்றிச் சட்டம் என்ன சொல்கிறது என்பதை நாம் தெரிந்துகொள்வது அவசியம்.

சட்டம் சொல்வது

மத்திய அரசின் ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை மற்றும் மேம்பாட்டுச் சட்டம் 2016-ல் வந்தது. தமிழ்நாட்டில் இதற்கான விதிகள் 2017-ல் வெளியாயின. 'ரெரா' என்று நாம் சுருக்கமாகச் சொல்வது இதைத்தான். பதிவு செய்யப்பட்ட திட்டத்தில் புரொமோட்டர் விற்கும் மனையையோ கட்டடத்தையோ வாங்கித் தரும் முகவர், ரெரா ஆணையத்தில் தம்மைப் பதிவு செய்திருக்க வேண்டும். அவருக்கு ஒரு பதிவு எண் தரப்படும். அவர் முடித்துத் தரும் ஒவ்வொரு விற்பனையிலும் அந்த எண்ணைக் குறிப்பிட வேண்டும். இது வீடு வாங்குவோருக்கு மட்டுமான சட்டம் என்று எண்ண வேண்டாம். கடை, ஷோரூம், அலுவலகம், குடோன் ஆகியவையும் இதில் அடக்கம்.

பதிவில்லாமல் தரகு செய்தால் நாள் ஒன்றுக்கு 10,000 ரூபாய் அபராதம். அது சொத்தின் விலையில் 5 சதவீதம் வரை போகலாம். பதிவு பெறாத திட்டத்தை விற்றுத் தருவதும், இல்லாத வசதியை இருப்பதாகச் சொல்வதும் முகவருக்குத் தடை செய்யப்பட்டவை.

சரிபார்க்கும் முறை

1. முதலில் பதிவு எண்ணையும் சான்றிதழ் நகலையும் கேளுங்கள். விசிட்டிங் கார்டு, சங்க அடையாள அட்டை, ஜி.எஸ்.டி. சான்று ஆகியவை இதற்கு ஈடாகா. ஜி.எஸ்.டி. எண் வரி கட்டுவதற்கு. தரகு செய்ய அது அனுமதி ஆகாது.

2. தமிழ்நாடு ரெரா ஆணையத்தின் இணையதளத்தில் பதிவு பெற்ற முகவர்களின் பட்டியல் இருக்கிறது. அதில் பெயரையும் எண்ணையும் ஒத்துப் பாருங்கள். நமக்குப் பழக்கமில்லை என்றால் வீட்டுப் பிள்ளைகள் கைப்பேசியிலேயே பார்த்துச் சொல்லிவிடுவார்கள்.

3. திட்டத்தின் எண் வேறு, முகவரின் எண் வேறு. நமக்குத் தெரிந்த மளிகை மொத்த வியாபாரி ஒருவரிடம், விளம்பர நோட்டீஸில் இருந்த திட்ட எண்ணைக் காட்டி, "இதுதான் என் லைசென்ஸ்" என்றார் ஒரு புரோக்கர். வியாபாரியின் மகன் பட்டியலில் தேடினார். புரோக்கரின் பெயரே அதில் இல்லை. "சான்றிதழோடு வாருங்கள், அட்வான்ஸ் தயாராக இருக்கிறது" என்று சொல்லி அனுப்பினார்கள். புரோக்கர் மறுபடி வரவே இல்லை.

4. பதிவு 5 ஆண்டுகளுக்குத்தான் செல்லும். காலாவதித் தேதியைப் பாருங்கள். தவறு செய்த முகவரின் பதிவை ஆணையம் ரத்து செய்யவும் முடியும். எனவே பழைய நகலை மட்டும் நம்ப வேண்டாம்.

5. பதிவு நிறுவனத்தின் பெயரில் இருந்தால், வந்திருப்பவர் அந்த நிறுவனத்து ஆள்தானா என்று அலுவலகத்தில் கேட்டு உறுதி செய்யுங்கள்.

6. ஒரு மாநிலத்தில் பெற்ற பதிவு அந்த மாநிலம் முழுவதற்கும் செல்லும். அடுத்த மாநிலத்தில் செல்லாது. ஓசூரில் இடம் வாங்க பெங்களூரு முகவர் வந்தால், அவரிடம் தமிழ்நாட்டுப் பதிவு இருக்கிறதா என்று கேளுங்கள்.

எண் இருந்தால் மட்டும் போதுமா?

போதாது. எப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. எண் அச்சடித்த பாக்கெட்டிலும் கெட்ட சரக்கு இருக்கலாம் அல்லவா? முகவரின் பதிவு அவரை அடையாளம் காட்டுமே தவிர, நிலத்தின் உரிமைக்கு உத்தரவாதம் ஆகாது. மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று, பட்டா, திட்ட அனுமதி ஆகியவற்றை வக்கீலிடம் காட்டித்தான் ஆக வேண்டும்.

இன்னொன்று. பழைய கடையை அதன் சொந்தக்காரரிடமிருந்து நேராக வாங்கும்போது, இந்த முகவர் பதிவுச் சட்டம் அதற்குப் பொருந்தாது. 500 சதுர மீட்டருக்கு மேற்படாத நிலத்திலோ, 8 அலகுகளுக்கு மேற்படாமலோ அமையும் சிறு திட்டங்களுக்கும் ரெரா பதிவு தேவையில்லை. இப்படிப்பட்ட இடங்களில் புரோக்கரிடம் எண் இல்லை என்பதால் அவர் மோசக்காரர் ஆகிவிடமாட்டார். ஆனால் நமக்குக் கவனம் இரண்டு மடங்கு தேவை.

பணம் கொடுக்கும்போது

பதிவு பெற்ற திட்டத்தில், விற்பனை ஒப்பந்தம் எழுதிப் பதிவு செய்வதற்கு முன்பாக விலையில் 10 சதவீதத்துக்கு மேல் புரொமோட்டர் வாங்கக் கூடாது. அந்தப் பணத்தையும் புரோக்கர் கையில் கொடுக்காமல் புரொமோட்டரின் வங்கிக் கணக்குக்கே அனுப்புங்கள். சொத்து அட்வான்ஸை 20,000 ரூபாய் அல்லது அதற்கு மேல் ரொக்கமாக வாங்குவதை வருமான வரிச் சட்டம் 2015 ஜூன் முதலே தடுத்திருக்கிறது. கமிஷன் எவ்வளவு, எப்போது தருவது என்பதை எழுத்தில் வைத்து, ரசீது வாங்குங்கள். தகராறு வந்தால் முகவர் மீதும் ஆணையத்தில் புகார் செய்யலாம். அப்போது பேசப்போவது இந்தக் காகிதங்கள்தான்.

நேர்மையான தரகர் எண்ணைக் கேட்டால் கோபித்துக்கொள்ளமாட்டார்; தாமே எடுத்துக் காட்டுவார். "இன்று மாலைக்குள் டோக்கன் போடாவிட்டால் இடம் போய்விடும்" என்று அவசரப்படுத்துபவரிடம், "போகட்டும்" என்று சொல்லும் துணிவு நமக்கு வேண்டும். இடம் போனால் வேறு இடம் கிடைக்கும். முதல் போனால் கடையைத் திறப்பது எப்படி?