விளக்கைக் காத்தவர்கள்

திருக்கடையூரில் அறுபதாம் கல்யாணத்தை முடித்துக்கொண்டு பலர் பூம்புகாருக்கும் போய்வருவார்கள். அந்தப் பழைய பட்டினத்தில் கலங்கரை விளக்கம் இருந்ததைச் சிலப்பதிகாரம் சொல்கிறது. பெரும்பாணாற்றுப்படையிலோ, ஏணி சாத்திய, ஏறுவதற்கு அரிய மாடத்தின் உச்சியில் இரவில் தீ எரிகிறது. கடலில் போகும் கலங்களை அழைக்கிறது. தினமும் அந்த ஏணியில் ஏறிய ஆளைப் பற்றித்தான் ஒன்றும் தெரியவில்லை.

சென்னையில் 1796இல் கோட்டைக் கட்டடம் ஒன்றின் மாடியில் வைத்த முதல் விளக்குக்குத் தேங்காய் எண்ணெய்தான். பிறகு மண்ணெண்ணெய் வந்தது. அழுத்தம் கொடுத்து ஆவியாக்கி மேண்டிலில் எரிப்பார்கள். கல்யாண ஊர்வலத்துப் பெட்ரோமாக்ஸ் போலத்தான். அந்த வெளிச்சத்தை அடுக்கடுக்கான கண்ணாடிப் பட்டைகள் ஒரே கற்றையாகக் குவித்துப் பல மைல் தூரம் அனுப்பும். பிரான்சின் பிரனெல் 1820களில் கண்ட வழி அது.

லைட் கீப்பரின் பாதி வேலை பகலில்தான். உப்புக்காற்றில் மங்கும் கண்ணாடியை, கீறல் விழாமல், மெல்லிய துணியால் பட்டை பட்டையாகத் துடைக்க வேண்டும். முடித்ததும் சுற்றிலும் திரையை இழுத்துவிட வேண்டும். மறந்தால், வெளிச்சத்தை வெளியே அனுப்பும் அதே கண்ணாடி வெயிலை உள்ளே குவித்துத் தீப்பிடிக்க வைத்துவிடும்.

இரவு வேலை இன்னும் கடினம். பெரிய கோபுரங்களில் டன் கணக்கில் எடையுள்ள கண்ணாடிக்கூடு பாதரசத் தொட்டியில் மிதந்தபடி சுழலும். விரலால் தள்ளினாலே நகரும். பாதரச ஆவியோ உடம்புக்கு நஞ்சு. கோபுரத்துக்குள் மெல்ல இறங்கும் எடைகள்தான் கூட்டைச் சுழற்றின. சில மணி நேரத்துக்கு ஒருமுறை அவற்றைக் கையால் சுற்றி மேலேற்ற வேண்டும். கண் அசர முடியாது. எத்தனை விநாடிக்கு ஒரு மின்னல் என்ற கணக்கு விளக்குக்கு விளக்கு வேறு. மாலுமி அதை எண்ணித்தான் எந்தக் கரை என்று அறிவார். சுழற்சி தளர்ந்தால் கப்பல் ஊர் மாறிப் புரிந்துகொள்ளும். அணைந்துபோன விளக்கைவிட ஆபத்தானது இப்படித் தாளம் தப்பிய விளக்கு.

இவ்வளவும் ஊருக்குள் நடந்த வேலையல்ல. காவிரி டெல்டாவின் தென்கோடியில், கரை மேற்கே திரும்பி ஆழமற்ற பாக் நீரிணை தொடங்கும் கோடியக்கரையில் விளக்கு அவசியம். சுற்றிலும் காடு, சதுப்பு, உப்பளம். இப்படி ஒதுங்கிய இடங்களில் கோபுரத்தடியிலேயே குடியிருப்பு. பள்ளிக்கூடமும் மருத்துவமும் தூரத்தில். குடும்பத்தை ஊரில் விட்டுவிட்டுத் தனியாக இருந்தவர்களின் சிரமம் விளக்கின் பதிவேட்டில் ஏறாது.

இன்று மின்சாரமும் எல்இடியும் தானியங்கிக் கருவிகளும் அந்த வேலையின் பெரும்பகுதியை எடுத்துக்கொண்டன. 1927ஆம் ஆண்டுக் கலங்கரை விளக்கச் சட்டத்தின் இடத்தில் 2021இல் புதுச் சட்டமும் வந்துவிட்டது. பழைய கோபுரங்களைச் சுற்றுலாவுக்குத் திறப்பது நல்லதுதான். எண்ணெய் ஊற்றி, எடை சுற்றி, விழித்திருந்தவர்களின் அனுபவத்தையும் அவர்கள் வாயாலேயே கேட்டுப் பதிவு செய்து அங்கே வைக்க வேண்டும்.