உருமியின் அடிநாதம்

சேலத்தில் கோட்டை மாரியம்மன் கோவில் விழா ஆடித் திங்களில் சிறப்புற நடைபெறும். இப்பகுதியின் அம்மன் விழாக்களில் உருமி முழங்குவதுண்டு. வளைந்த கோலால் அதன் தோலைத் தேய்க்குங்கால் எழும் தாழ்ந்த ஒலி, செவியில் மட்டுமன்றி நெஞ்சிலும் அதிரும். அதனையே கைப்பேசியில் பதிவு செய்து கேட்பின், கோல் படும் ஓசை கேட்கும். அடிநாதமோ பெரிதும் மறைந்துவிடும். இதற்குக் காரணம் யாது?

ஒலியாவது காற்றின் அதிர்வு. நொடிக்கு ஏறத்தாழ 20 முதல் 20,000 வரையுள்ள அதிர்வுகளை மனிதச் செவி உணரும். அதிர்வு குறையக் குறைய ஒலி தாழும். அதன் அலை நீளும். நொடிக்கு 50 முறை அதிரும் ஒலியின் அலைநீளம் ஏறத்தாழ 7 மீட்டராகும். இத்தகைய ஒலியை உரக்க எழுப்புதற்கு மிகுந்த காற்றை அசைத்தல் வேண்டும்.

ஒலிபெருக்கியில் காந்தத்தின் இடையே கம்பிச்சுருள் ஒன்று உண்டு. மின்னோட்டம் மாறுந்தோறும் அச்சுருள் அசைந்து, தன்னோடு பிணைந்த கூம்பையும் அசைக்கும். கைப்பேசியிலுள்ள சிறு தகடு அசைக்கும் காற்று மிகச் சிறிதே. அகன்ற கூம்பு அசைப்பதோ பெரிது. ஆயினும், கூம்பு முன்னே காற்றை நெருக்கும்போது பின்னே தளர்த்தும். இவ்விரண்டும் கலப்பின் தாழ்ந்த ஒலி அழியும். அதனைத் தடுக்கவே கூம்பைப் பெட்டியுள் அமைப்பர்.

ஆதலின், சிறு கருவியில் கேளாமை பற்றி உருமியைக் குறை கூறுதல் பொருந்தாது. கலைஞரின் கைத்திறனை அறிய விழைவோர் நேரிற் சென்று கேட்டல் வேண்டும்.