கடைக்குள்ளேயே கரையும் சரக்கு: ஊழியர் திருட்டும் தீராத சந்தேகமும்

புது தில்லி: கர்நாடகத்தின் மேல்கோட்டையில் ஆண்டுதோறும் பங்குனியில் நடைபெறும் வைரமுடி சேவைக்கு லட்சக்கணக்கான பக்தர்கள் திரளுகின்றனர். ராமானுஜர் பல ஆண்டுகள் தங்கியிருந்ததாலும், தமிழ் வைணவர்கள் திருநாராயணபுரம் என்று போற்றுவதாலும் இவ்வூர் தமிழகத்துக்கு அந்நியமானதல்ல. பழைய மைசூர் மாவட்டத்திலிருந்து 1939-ல் பிரிக்கப்பட்ட மண்டியா மாவட்டத்தில் இது இப்போது உள்ளது.

செல்வநாராயணப் பெருமாள் அணியும் வைரமுடியும், மைசூர் மன்னர் ராஜ உடையார் அளித்த ராஜமுடியும் ஆண்டின் பெரும்பகுதி கோயிலில் இருப்பதில்லை. அவை மண்டியாவிலுள்ள மாவட்டக் கருவூலத்தில் பூட்டி வைக்கப்படுகின்றன. விழா நாளன்று அதிகாரிகள் முன்னிலையில் பெட்டிகள் வெளியே எடுக்கப்பட்டு, ஆயுதம் தாங்கிய போலீஸ் காவலுடன், வழியெங்கும் கிராம மக்களின் பூஜையை ஏற்றவாறு மேல்கோட்டையை அடைகின்றன. சேவை முடிந்ததும் மீண்டும் கருவூலம். பரம்பரையாகப் பெருமாளுக்குத் தொண்டு செய்யும் குடும்பங்கள் உள்ள ஊரில் இத்தனை கெடுபிடி ஏன் என்று யாரும் கேட்பதில்லை. யார் கையில் பொருள் மாறினாலும் அதற்கு ஒரு சாட்சி இருக்க வேண்டும் என்ற விதி அர்ச்சகருக்கும் பொருந்துகிறது, ஆட்சியருக்கும் பொருந்துகிறது. அதனால் அந்த விதி எவரையும் அவமதிப்பதாகக் கருதப்படுவதில்லை.

நாட்டின் சில்லறை வணிகம் இன்னும் கண்டுபிடிக்காத சூத்திரம் இதுதான் எனலாம்.

மேல்கோட்டைக் கோயிலைச் சுற்றிப் புளியோதரையும் சர்க்கரைப் பொங்கலும் விற்கும் சிறு கடைகளில் பொதுவாக வீட்டு மனிதர்களே கல்லாவில் அமர்ந்திருப்பர். அங்கே ஊழியர் திருட்டு என்ற பேச்சுக்கே இடம் குறைவு. உரிமையாளர் கல்லாவை விட்டு எழுந்து, சம்பளத்துக்கு ஒருவரை அமர்த்தும் நாளில்தான் இந்தப் பிரச்சினை பிறக்கிறது. ஒரு கடை பத்தாகி, பத்து நூறாகி, உரிமையாளர் வேறு நகரத்தில் கணினித் திரையில் மட்டும் கடையைப் பார்க்கும் நிலை வரும்போது அது நிறுவனத்தின் லாபக் கணக்கிலேயே தனி இனமாக இடம்பெற்று விடுகிறது. கணக்குப்படி இருக்க வேண்டிய சரக்குக்கும், எண்ணிப் பார்க்கும்போது உண்மையில் இருக்கும் சரக்குக்கும் இடையிலான இந்த வித்தியாசத்தை வணிகர்கள் "சரக்குச் சுருக்கம்" என்கின்றனர்.

முதலிடம் பெற்ற இந்தியா: இங்கிலாந்தின் நாட்டிங்காம் நகரைச் சேர்ந்த சில்லறை வணிக ஆய்வு மையம் உலக அளவில் இந்தச் சுருக்கத்தைக் கணக்கிட்டு ஆண்டுதோறும் அறிக்கை வெளியிட்டு வந்தது. 43 நாடுகளை உள்ளடக்கிய 2011-ம் ஆண்டு அறிக்கையில் இந்தியா முதலிடம் பெற்றது. பெருமைப்படத்தக்க முதலிடம் அல்ல. விற்பனையில் 2.38 சதவீதம் இந்தியக் கடைகளில் காணாமற்போனது. உலக சராசரி 1.45 சதவீதம். உலகம் முழுவதற்குமான இழப்பில் வாடிக்கையாளர் திருட்டின் பங்கு 43 சதவீதம் என்றும், ஊழியர் திருட்டின் பங்கு 35 சதவீதம் என்றும் அந்த அறிக்கை மதிப்பிட்டது. வட அமெரிக்காவில் ஊழியர்கள் வாடிக்கையாளர்களை முந்தியிருந்தனர்.

இந்த எண்களைச் சற்று நிதானத்துடன்தான் படிக்க வேண்டும். அறிக்கைக்கு நிதி அளித்தது, திருட்டுத் தடுப்புப் பட்டைகளை விற்கும் ஒரு பன்னாட்டு நிறுவனம். மேலும், காணாமற்போன சோப்புக் கட்டியை எடுத்தது வாடிக்கையாளரா, ஊழியரா, அல்லது அது கடைக்கே வந்து சேரவில்லையா என்பது சரக்கை எண்ணும்போது தெரியாது. பங்குகளைப் பிரித்துச் சொல்வது பெரும்பாலும் மேலாளர்களின் ஊகமே. ஊகம் செய்பவர் தம்மைத் தவிர மற்றவர்களையே சந்தேகிப்பார் என்பதையும் சேர்த்துக் கணக்கிட வேண்டும்.

கல்லாவில் நடப்பது என்ன?: பாக்கெட்டில் ஒரு சாக்லேட்டைப் போட்டுக்கொண்டு போவதுதான் ஊழியர் திருட்டு என்று நினைத்தால் அது தவறு. பெரிய இழப்பு பெரும்பாலும் பில் போடும் இடத்தில், எல்லோர் கண்முன்பாகவும் நிகழ்கிறது. உறவினரோ நண்பரோ பொருள்களுடன் வரிசையில் வருகிறார். பத்துப் பொருள்களில் ஏழு மட்டும் கருவியின் ஒளிக்கதிரில் படுகின்றன. மற்ற மூன்றும் கையால் மறைக்கப்பட்டுப் பைக்குள் போகின்றன. விலை உயர்ந்த முந்திரிப் பொட்டலத்துக்குப் பதில் வெங்காயத்தின் குறியீட்டை அழுத்துவது இதன் மற்றொரு வடிவம்.

ரொக்கமாகப் பணம் கொடுத்துவிட்டு, பில்லை வாங்காமல் போகும் வாடிக்கையாளர் இன்னொரு வாய்ப்பு. அவர் வாசலைத் தாண்டியதும் அந்த பில் ரத்து செய்யப்படுகிறது; பணம் கல்லாவுக்குப் போவதில்லை. யாரும் திருப்பித் தராத பொருளைத் திருப்பித் தந்ததாகப் பதிவு செய்து, அதற்கான தொகையை எடுத்துக் கொள்வதும் உண்டு. சலுகைப் புள்ளி அட்டை வந்தபின் நூதனமான வழி ஒன்று பிறந்தது. அட்டை இல்லாத வாடிக்கையாளர்களின் கொள்முதலை எல்லாம் ஊழியர் தம் அட்டையில் ஏற்றிக் கொள்கிறார். வாடிக்கையாளருக்கு நஷ்டமில்லை, கல்லாவில் பணம் குறையவில்லை. ஆனாலும் அது நிறுவனத்தின் பணம்தான்.

கிடங்கின் கதை வேறு. இருபது பெட்டி வர வேண்டிய இடத்தில் பதினெட்டு வருகிறது. இருபதுக்கும் கையெழுத்து விழுகிறது. விடுபட்ட இரண்டும் லாரிக்காரருக்கும் வாங்கி வைத்தவருக்கும் பங்காகின்றன. காலி அட்டைப் பெட்டிகள் என்று குப்பைக்குப் போகும் கட்டுக்குள் நிறைந்த பெட்டி ஒன்று போவதும் பழைய தந்திரம். நகைக் கடைகளில் பொருள் சிறியது, மதிப்போ பெரியது. ஆகவேதான் அங்கே மாலையில் ஒவ்வொரு தட்டையும் எண்ணி, எடைபோட்டு, அதன் பிறகே பெட்டகத்தை மூடும் வழக்கம் வந்தது.

மைசூரில் கிடைத்த ஓலைச்சுவடி: இவற்றில் எதுவுமே அடிப்படையில் புதிதல்ல என்பதற்கு மைசூரே சாட்சி. தஞ்சாவூர்ப் பகுதியைச் சேர்ந்த பண்டிதர் ஒருவர் மைசூர் கீழ்த்திசை நூலகத்தில் ஒப்படைத்த கிரந்த எழுத்துச் சுவடியைப் படித்துத்தான் நூலகர் ஆர். சாமசாஸ்திரி 1905-ல் கெளடில்யரின் அர்த்தசாஸ்திரத்தை அடையாளம் கண்டார். 1909-ல் அது அச்சேறியது. அரசுப் பணத்தை அலுவலர்கள் கையாடும் 40 வழிகளை அந்நூல் வரிசைப்படுத்துகிறது. வந்ததை வரவில்லை என்று எழுதுவது, கொடுக்காததைக் கொடுத்ததாக எழுதுவது, ஒரு பொருளுக்குப் பதில் வேறொன்றைக் காட்டுவது, நிறையிலும் அளவிலும் மாற்றம் செய்வது என்று நீளும் அப்பட்டியலை இன்றைய பல்பொருள் அங்காடியின் தணிக்கையாளர் படித்தால் பெரிதாகத் திகைக்க மாட்டார்.

கையாடலைக் காட்டிக் கொடுப்பவருக்கு அதில் ஆறில் ஒரு பங்கு பரிசு என்று கெளடில்யர் விதிக்கிறார். காட்டிக் கொடுப்பவரும் ஊழியராக இருந்தால் பரிசு பாதியாகிறது. அதைவிட முக்கியமானது, குற்றச்சாட்டு மெய்ப்பிக்கப்படாவிட்டால் புகார் செய்தவருக்குத் தண்டனை உண்டு என்பது. பொய்ப் புகாரும் ஒருவகை இழப்பே என்று அக்காலத்திலேயே உணர்ந்திருந்தனர். நவீன நிறுவனங்கள் முதல் பாதியை எடுத்துக்கொண்டு, ரகசியத் தகவல் தொலைபேசி எண்களை ஏற்படுத்தியுள்ளன. இரண்டாவது பாதிக்கு அவ்வளவு ஆர்வம் காணப்படவில்லை.

ஏன் எடுக்கிறார்கள்?: அமெரிக்கக் குற்றவியல் அறிஞர் டொனால்டு கிரெஸ்ஸி, நம்பிக்கை மோசடிக்காகச் சிறைப்பட்டவர்களைச் சந்தித்து 1953-ல் எழுதிய நூல் இத்துறையில் இன்றும் அடிப்படையாகக் கருதப்படுகிறது. வெளியே சொல்ல முடியாத பண நெருக்கடி, எடுப்பதற்கான வாய்ப்பு, "இது திருட்டல்ல" என்று மனதுக்குச் சொல்லிக்கொள்ளும் சமாதானம் ஆகிய மூன்றும் கூடும் இடத்தில்தான் கை நீளுகிறது என்பது அவர் ஆய்விலிருந்து வளர்ந்த கருத்து.

ரிச்சர்டு ஹாலிங்கர், ஜான் கிளார்க் ஆகியோர் மூன்று அமெரிக்க நகரங்களில் கடைகள், மருத்துவமனைகள், ஆலைகள் ஆகியவற்றில் ஆயிரக்கணக்கான ஊழியர்களிடம் விசாரித்து 1983-ல் வெளியிட்ட ஆய்வில், ஏறத்தாழ மூன்றில் ஒருவர் ஏதேனும் ஒரு பொருளை எடுத்ததாக ஒப்புக்கொண்டனர். வறுமையைக் காட்டிலும், நிர்வாகம் தங்களை நியாயமாக நடத்தவில்லை என்ற மனக்குறையே அதனுடன் நெருங்கிய தொடர்பு கொண்டிருந்தது.

இதைச் சோதித்துப் பார்க்கும் வாய்ப்பு ஜெரால்டு கிரீன்பெர்க் என்ற உளவியலாளருக்குக் கிடைத்தது. ஒரே நிறுவனத்தின் இரு ஆலைகளில் பத்து வாரங்களுக்கு ஊதியம் 15 சதவீதம் குறைக்கப்பட்டது. ஓர் ஆலையில் காரணங்களை விரிவாக எடுத்துரைத்து, நிர்வாகம் வருத்தமும் தெரிவித்தது. மற்றொன்றில் சில நிமிடங்களில் அறிவித்து முடித்தனர். இரண்டிலும் திருட்டு கூடியது; ஆனால் விளக்கம் கிடைக்காத ஆலையில் அது வெகுவாகக் கூடியது. 1990-ல் வெளியான இந்த ஆய்வில் இன்னொரு விவரமும் உண்டு. ஊதியம் பழையபடி ஆனதும் திருட்டும் பழைய அளவுக்கு இறங்கியது.

கேமராவை விட ஊதியப் பட்டியல் சிறந்த காவலாளியாக இருக்கக்கூடும் என்ற இந்தச் செய்தி நமது கடைத்தெருக்களை எட்டியதாகத் தெரியவில்லை. பகல் முழுவதும் நின்றுகொண்டே வேலை செய்யும் விற்பனைப் பெண்களுக்கு உட்கார ஓர் இருக்கை வேண்டும் என்பதற்கே கேரளத்தில் 2018-லும், தமிழகத்தில் 2021-லும் சட்டத்தைத் திருத்த வேண்டியிருந்தது. அத்தகைய கடைகளில் இரவு வேலை முடிந்து புறப்படும்போது, ஊழியர் வரிசையில் நின்று பையைத் திறந்து காட்ட வேண்டும். மேலாளரின் காரை யாரும் சோதிப்பதில்லை. கிடங்கில் பெட்டிகளுக்குக் கையெழுத்திடும் அதிகாரமும், பில்லை ரத்து செய்யும் ரகசிய எண்ணும் அவரிடம்தான் இருக்கின்றன.

சந்தேகத்தின் பெயரில் ஊழியரை ஓர் அறையில் அடைத்து வைத்து எழுதி வாங்குவதும் ஆங்காங்கே நடக்கிறது. கடை உரிமையாளருக்குச் சட்டம் இந்த அதிகாரத்தை வழங்கவில்லை. ஒருவரை அவர் விருப்பத்துக்கு மாறாக அடைத்து வைப்பது, அவர் திருடியிருந்தாலும், தனிக் குற்றம். மிரட்டியோ ஆசை காட்டியோ பெறப்படும் ஒப்புதல் நீதிமன்றத்தில் எளிதில் எடுபடாது. ஆறு மாதம் தொடர்ந்து பணியாற்றிய கடை ஊழியரை நியாயமான காரணமின்றி நீக்கக் கூடாது என்றும், முறைகேட்டுக்காக முன்னறிவிப்பின்றி நீக்குவதானால் விசாரணை நடத்தி ஆதாரத்தைப் பதிவு செய்ய வேண்டும் என்றும் தமிழ்நாடு, கர்நாடகக் கடைகள் சட்டங்கள் கூறுகின்றன.

தொகை முக்கியமல்ல - உச்ச நீதிமன்றம்: விசாரணையில் குற்றம் நிரூபணமாகிவிட்டால் ஊழியருக்கு நீதிமன்றத்தில் இரக்கம் கிடைப்பது அரிது. இதற்கு முன்னோடியாக வழக்கறிஞர்கள் எடுத்துக்காட்டுவது கர்நாடகத்தின் ஒரு கடை வழக்கைத்தான். தென் கன்னட மாவட்ட மத்தியக் கூட்டுறவு மொத்த விற்பனைப் பண்டகசாலை நடத்திய ஜனதா பஜாரில், சரக்கைக் கையாடியதாக ஊழியர்கள் நீக்கப்பட்டனர். கையாடல் உண்மை என்று ஏற்ற தொழிலாளர் நீதிமன்றம், ஆயினும் அவர்களை நிலுவை ஊதியத்தின் ஒரு பகுதியுடன் மீண்டும் பணியில் சேர்க்கும்படி உத்தரவிட்டது. 2000-ம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. கையாடிய தொகை சிறிதா, பெரிதா என்பது பொருட்டல்ல. நிரூபணமான பின் தேவையற்ற அனுதாபத்துக்கு இடமில்லை என்பதே தீர்ப்பின் சாரம்.

வடகிழக்கு கர்நாடகச் சாலைப் போக்குவரத்துக் கழகத்தின் நடத்துநர் ஒருவர் ரூ. 360.95-ஐக் கையாடியதற்காக நீக்கப்பட்டது சரியே என்று 2006-ல் அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இழந்தது பணமல்ல, நம்பிக்கை என்பது நீதிபதிகளின் தர்க்கம்.

2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நியாய சம்ஹிதா இதே தர்க்கத்தை வேறொரு வகையில் தொடர்கிறது. ரூ. 5,000-க்குக் குறைவான பொருளைத் திருடி முதன்முறையாகத் தண்டனை பெறுபவர், பொருளையோ அதன் மதிப்பையோ திருப்பித் தந்தால் சமூக சேவை மட்டுமே தண்டனை என்று அதன் 303-வது பிரிவு சலுகை காட்டுகிறது. கடைக்கு வரும் வாடிக்கையாளர் ஒரு ஷாம்பு பாட்டிலை எடுத்தால் இந்தச் சலுகை உண்டு. அதே பாட்டிலை அந்தக் கடையின் ஊழியர் எடுத்தால் பொருந்துவது 306-வது பிரிவு. அதில் ஏழாண்டு வரை சிறை. சலுகை வாசகம் ஏதும் இல்லை. நம்பி ஒப்படைத்த பொருளைக் கையாடினால் 316-வது பிரிவின் கீழும் ஏழாண்டு வரை சிறை உண்டு.

மறுபுறம், 2025 நவம்பர் 21-ல் நடைமுறைக்கு வந்த ஊதியச் சட்டத் தொகுப்பு உரிமையாளரின் கையையும் ஓரளவு கட்டுகிறது. மாதக் கடைசியில் சரக்கு குறைந்தால் அந்தத் தொகையைப் பிரிவின் எல்லா ஊழியர்களுக்கும் பங்கிட்டுச் சம்பளத்தில் பிடிப்பது பல கடைகளில் எழுதப்படாத வழக்கம். தொகுப்பின்படி, குறிப்பிட்ட ஊழியரின் பொறுப்பில் வெளிப்படையாக ஒப்படைக்கப்பட்ட பொருளுக்கு, அவரது அலட்சியத்தால் நேரடியாக ஏற்பட்ட இழப்புக்கு மட்டுமே பிடித்தம் செய்யலாம். அதுவும் இழப்பின் தொகையைத் தாண்டக் கூடாது. பிடிப்பதற்கு முன் அவரது விளக்கத்தைக் கேட்க வேண்டும். எல்லாப் பிடித்தங்களும் சேர்ந்து ஊதியத்தின் பாதியைத் தாண்டக் கூடாது.

எந்தப் பொருள் எந்த ஊழியரிடம், எந்த நாளில், எத்தனை எண்ணிக்கையில் ஒப்படைக்கப்பட்டது என்பதற்குக் கையெழுத்திட்ட பட்டியலைக் காட்ட வேண்டிய பொறுப்பு இனி கடைக்காரருடையது.