கதவில் ஒரு தபால் பெட்டி, அதில் உங்கள் பெயர்



போன மாதம் ஒரு குழுக் கூட்டத்தில் உறுப்பினர் ஒருவர் கண் கலங்கிச் சொன்னார்: "வேலைக்கு நேர்காணல் கடிதம் வந்திருக்கு மேடம். நான் களை எடுக்கப் போயிட்டேன். வீடு பூட்டியிருக்கவும் கதவு இடுக்குல சொருகிட்டுப் போயிருக்காங்க. அது காத்துல பறந்து பக்கத்து மாட்டுக் கொட்டகையில கிடந்துச்சு. கைக்கு வந்தப்போ தேதி முடிஞ்சு போச்சு."

இருக்கிற கதவிலேயே ஒரு தபால் பெட்டி வைத்திருந்தால் இந்த நஷ்டம் இல்லை. எப்படி வைப்பது?

1. மரக்கதவு என்றால் நடுப்பலகையில் துவாரம் போடலாம். சட்டத்திலும் குறுக்குக் கட்டையிலும் வெட்டக் கூடாது, கதவு பலம் இழந்துவிடும். 10 அங்குல அகலம், ஒன்றரை அங்குல உயரம் போதும்.

2. தாழ்ப்பாளுக்குப் பக்கத்தில் துவாரம் வேண்டவே வேண்டாம். வெளியிலிருந்து குச்சியை விட்டுத் தாழ்ப்பாளைத் தள்ளிவிட முடியும்.

3. தச்சரிடம் சொல்லி இரண்டு ஓரத்திலும் துளை போட்டு, நடுவில் ரம்பத்தால் அறுக்கச் சொல்லுங்கள். வெட்டிய இடத்தை உப்புத்தாளால் தேய்த்து வார்னிஷ் அடியுங்கள். இல்லாவிட்டால் மழையில் மரம் ஊறும்.

4. வெளியே கீல் வைத்த மூடி, உள்ளே ஒரு சின்னப் பெட்டி. தரையில் விழுந்தால் எலியும் கரையானும் விடாது.

5. தகரக் கதவு, வேலைப்பாடு உள்ள பழைய கதவு, வாடகை வீடு என்றால் வெட்ட வேண்டாம். சாய்வான மூடியும் பூட்டும் உள்ள தகரப் பெட்டியை வாசல் சுவரில் மாட்டுங்கள். வாடகை வீட்டுக்காரர்கள் சொந்தக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

இப்போது முக்கியமான விஷயம். நம் ஊரில் "முருகன் சம்சாரம்", "குமார் அம்மா" என்றுதான் நம்மைத் தெரியும். கடிதமோ நம் சொந்தப் பெயரில் வருகிறது. தபால்காரர் புதியவராக இருந்தால் எந்த வீடு என்று தேடுவார். ஆகவே பெட்டியின் மேல் வீட்டு எண், தெருப் பெயரோடு வீட்டில் உள்ள எல்லாப் பெண்களின் பெயரையும் பெயிண்டில் எழுதி வையுங்கள். கணவர் பெயர் மட்டும் போதாது!

முகவரி கொடுக்கும்போது பின்கோடு எண் ஆறையும் தவறாமல் எழுதுங்கள். 1972-ல் வந்த இந்த எண், தமிழ்நாட்டில் எல்லா ஊருக்கும் 6-ல்தான் தொடங்கும். கடைசி மூன்று எண்கள்தான் உங்கள் தபால் நிலையத்தைக் காட்டும்.

ஒன்றை மறக்காதீர்கள். சாதாரணத் தபாலைத்தான் பெட்டியில் போடுவார்கள். ஏ.டி.எம். கார்டு போல விரைவுத் தபாலில் வருவதைக் கையெழுத்து வாங்கித்தான் கொடுப்பார்கள். நீங்கள் இல்லாதபோது வந்தால் தபால் நிலையத்தில் சில நாள்தான் வைத்திருப்பார்கள், பிறகு அனுப்பியவருக்கே திரும்பிவிடும். எதிர்பார்க்கிற தபால் இருந்தால் நீங்களே போய்க் கேளுங்கள்.

அடுத்த குழுக் கூட்டத்தில் இதைப் பேசுங்கள். பத்து வீட்டுக்குச் சேர்த்துச் செய்யச் சொன்னால் கூலியும் குறையும். பாஸ்புக்கில் நம் பெயர் ஏறிவிட்டது. வாசலிலும் ஏறட்டுமே!