எலியை எண்ணிக் கட்டிய தெருக்கள்

பெங்களூர் காக்ஸ் டவுனின் பழைய தெருக்கள் வளையாமல் நேராகப் போகின்றன. பக்கத்திலுள்ள பிரேசர் டவுனும் அப்படித்தான். வெள்ளைக்கார அதிகாரிகளின் அழகுணர்ச்சி என்று பலர் நினைக்கிறார்கள். அந்தத் தெருக்களைப் போட வைத்தது ஒரு கொள்ளைநோய்.

1898 ஆகஸ்டில் ஹூப்ளிப் பக்கமிருந்து ரயிலேறிப் பிளேக் பெங்களூருக்கு வந்தது. பம்பாயை இரண்டு வருடம் ஆட்டிவைத்துவிட்டு வந்த நோய். ஆயிரக்கணக்கில் மாண்டார்கள், பிழைத்தவர்களில் பலர் ஊரைக் காலி செய்தார்கள். கன்டோன்மென்டில் தமிழ்க் குடும்பங்கள் நெருக்கியடித்து வாழ்ந்த பிளாக்பள்ளி, அதாவது இன்றைய சிவாஜி நகர், இதற்கெல்லாம் தோதான இடம்.

அப்போது அதிகாரிகள் கெட்ட காற்றையும் அழுக்குத் தரையையும் சந்தேகித்தார்கள். வீடுகளைக் கார்பாலிக் அமிலம் ஊற்றிக் கழுவினார்கள். ஜனங்களுக்கோ வேறு கணக்கு இருந்தது: வீட்டில் எலி செத்து விழுந்தால் மூட்டை கட்டிக்கொண்டு வெளியேறிவிட வேண்டும். ஜனங்களின் கணக்குதான் சரி.

அதே 1898இல் கராச்சியில் பால் லூயி சிமோன் என்ற பிரெஞ்சு மருத்துவர் அதற்குக் காரணம் கண்டார். பிளேக் கண்ட எலியைத் தெள்ளுப்பூச்சிகளோடு ஒரு கண்ணாடிப் பாத்திரத்தில் விட்டார். நல்ல எலி ஒன்றைக் கம்பிவலைக் கூண்டில் அதற்குள்ளேயே தொங்கவிட்டார். இரண்டும் ஒன்றையொன்று தொட வழியில்லை. நோயுற்ற எலி செத்துக் குளிர்ந்தது. தெள்ளுகள் புதுச் சூடு தேடிப் பாய்ந்தன. சில நாளில் இரண்டாவது எலியும் பிளேக்கில் செத்தது. சிமோனைப் பலர் நம்பவில்லை. 1905இல் இந்தியாவில் வேலை தொடங்கிய பிளேக் ஆய்வுக் குழு பரிசோதனை மேல் பரிசோதனை செய்து அவர் சொன்னதை உறுதிசெய்தது.

தெள்ளின் வயிற்றுக்குள் நடப்பது இன்னும் வினோதம். கிருமி அங்கே கட்டியாகப் பெருகி இரைப்பைக்குப் போகும் வழியை அடைத்துக்கொள்கிறது. குடித்த ரத்தம் உள்ளே இறங்காது. பசி அடங்காத தெள்ளு வெறிகொண்டு கடித்துக்கொண்டே இருக்கும். ஒவ்வொரு கடியிலும் அடைபட்ட ரத்தம் கிருமியோடு கடிவாய்க்குள் திரும்பிப் பாய்கிறது.

குற்றவாளி தெரிந்ததும் திட்டமும் மாறியது. நம் வீடுகளில் குடியிருந்தது கருப்பெலி. கூரை ஏறும், பரணில் குட்டி போடும், மண்சுவரைக் குடையும். மனிதன் தூங்கும் இடத்துக்கு ஐந்தடி தூரத்தில் அதன் குடும்பம். எலி ஒளியும் பொந்து இல்லாமல் வீடு கட்டிவிட்டால்? கன்டோன்மென்ட் நகராட்சிப் பொறியாளர் ஜே. எச். ஸ்டீபன்ஸ் அந்தக் கேள்வியைத்தான் எடுத்துக்கொண்டார். 1910இல் உருவான பிரேசர் டவுனில் அதற்கான விடை ஊராக எழுந்தது. பிளேக் அண்டாத நகரமைப்பு பற்றி அவர் எழுதிய நூல் 1914இல் வெளிவந்தது. தெள்ளின் வயிற்றடைப்பை லண்டனில் பேகட்டும் மார்ட்டினும் விளக்கியதும் அதே வருடம்தான். ரிச்சர்ட்ஸ் டவுன், குக் டவுன், காக்ஸ் டவுன் எல்லாம் இந்த நெரிசல் குறைப்பு வரிசையில் வந்தவை. கலெக்டராக இருந்த காக்ஸ் பெயர் இங்கே ஒட்டிக்கொண்டது.

பேரிடர் ஏற்பாடு என்றால் சைரனும் மீட்புப்படகும் என்று பழகிவிட்டோம். இங்கே ஏற்பாடு அஸ்திவாரத்திலேயே இருந்தது, நோய் வராத நாட்களிலும் சத்தமில்லாமல் வேலை பார்த்தது. ஒரு குறையையும் சொல்ல வேண்டும்: புது மனை வாங்க வசதியில்லாதவர்கள் பழைய நெரிசலிலேயே கிடந்தார்கள். எலிக்கு அந்த வேற்றுமை நன்றாகவே தெரியும்.

பிளேக் முழுதாகப் போய்விடவில்லை. 1966இல் கோலார் மாவட்டத்தில் மனிதர்களிடம் அது உறுதியானது. 1994இல் சூரத் நகரே கலங்கி ஓடியது. தமிழ்நாடு, கர்நாடகம், ஆந்திரம் மூன்றும் கூடுமிடத்தில், ஓசூர், கோலார் பக்கத்து வயல்வெளிகளில், தேசிய நோய்க் கட்டுப்பாட்டு மையத்தின் பெங்களூர்க் கிளை ஆட்கள் கூண்டு வைத்து வெள்ளெலி பிடிக்கிறார்கள். ரோமத்தைச் சீவித் தெள்ளுகளைச் சேகரிக்கிறார்கள், ரத்தத்தில் பிளேக்கின் தடயம் தேடுகிறார்கள். எலி செத்து விழுவதற்கு முன்பே தெரிந்துகொள்வதற்காக.