காலத்தைத் தாங்கும் கோபுரம்

எண்ணற்ற உலகங்கள் இருந்து, ஒவ்வொன்றிலும் காலம் ஒவ்வொரு வேகத்தில் ஓடினால், அவற்றை நிலைகுலையாமல் பிடித்து வைப்பது எது? அமெரிக்க எழுத்தாளர் ஸ்டீபன் கிங், 'டார்க் டவர்' நாவல் வரிசையில் அதற்கென்றே ஒரு கருங்கோபுரத்தை எழுப்பினார்.

எல்லா உலகங்களும் சந்திக்கும் இடம் அது. கோபுரத்தைத் தாங்குபவை ஆறு விசைக்கதிர்கள்; அவற்றின் முனைகளில் கரடி, ஆமை முதலிய காவல் விலங்குகள். கதிர்கள் நலிய நலிய, நாயகன் ரோலண்டின் உலகில் காலமும் திசையும் தடுமாறுகின்றன.

நியூயார்க்கில் அந்தக் கோபுரம் ஒற்றை ரோஜாச்செடியாக நிற்கிறது. இரண்டாம் அவென்யூவும் 46ஆம் தெருவும் கூடுமிடத்தில், குப்பை மண்டிய காலிமனை ஒன்றில்! அங்கே கட்டடம் எழுப்பத் துடிப்பவர்களிடமிருந்து அதைக் காக்க வேண்டும். அண்டங்களின் அச்சாணியை இத்தனை மெல்லிய பூவாகக் கண்டதுதான் கிங்கின் கற்பனையில் ஆகச் சிறந்தது.

இன்னொன்று, மூல உலகம். மற்ற உலகங்களைப் போலன்றி, அங்கே காலம் முன்னோக்கி மட்டுமே செல்லும். நடந்ததை மாற்ற முடியாது. அந்த உலகத்தில் கிங்கும் ஒரு பாத்திரம். 1999 ஜூன் 19 அன்று மெய்ன் மாநிலத்தில் சாலையோரம் நடந்துகொண்டிருந்தபோது, வேன் மோதி அவர் படுகாயமடைந்தார். அந்த உண்மை விபத்தையே 2004இல் வந்த ஏழாம் நாவலில் கதையின் திருப்புமுனையாக்கினார்.

படிக்க விரும்புவோர் 1982இல் நூலாக வந்த முதல் நாவல் 'தி கன்ஸ்லிங்கர்' தொடங்கி, வரிசையாகவே படியுங்கள்.