பெஞ்ச்சில் இருந்த பையனும் 15 வெற்றிகளும்... ஒரு கல்லூரி டீம் அமெரிக்காவை அசத்திய கதை!

ஃபுட்பால் என்றதும் மெஸ்ஸி, ரொனால்டோ என்று யோசிக்காதீங்க. இது அமெரிக்கன் ஃபுட்பால். முட்டை வடிவப் பந்து, தலையில் ஹெல்மெட், தோளில் பெரிய கவசம். பந்தோடு எதிரணியின் கடைசிக் கோட்டைத் தாண்டினால் 'டச்டவுன்', 6 பாயின்ட். பந்தை யாருக்கு எறிவது என்று நொடியில் முடிவெடுப்பவர் குவார்ட்டர்பேக். இவ்வளவு தெரிந்தால் போதும்.

அங்கே காலேஜ் மேட்ச்சுக்குக் கூடும் கூட்டத்தைச் சொன்னால் நம்ப மாட்டீங்க. லூசியானா மாநிலத்தின் பேட்டன் ரூஜ் நகரில் உள்ள எல்.எஸ்.யூ பல்கலைக்கழக மைதானத்தில் 1 லட்சம் பேருக்கு மேல் உட்காரலாம். அந்த டீமின் 2019 சீசனைத்தான் பல ரசிகர்கள் 'இதுவரை வந்ததிலேயே பெஸ்ட்' என்கிறார்கள்.

ஹீரோ ஜோ பர்ரோ. ஓஹையோ மாநிலத்தின் ஏதென்ஸ் பகுதியில் வளர்ந்தவர். சொந்த மாநிலத்தின் பெரிய டீமான ஓஹையோ ஸ்டேட்டில் 3 வருஷம் இருந்தார். இருந்தார் என்பதைவிட, பெஞ்ச்சில் உட்கார்ந்திருந்தார் என்பதே சரி. அத்தனை காலத்தில் அவர் எறிந்தது மொத்தமே 39 பாஸ்கள். ஒரு கட்டத்தில் கையும் உடைந்தது. 2018-ல் டிகிரியை முடித்துக்கொண்டு எல்.எஸ்.யூ-வுக்கு வந்துவிட்டார்.

அவரை வரவேற்ற கோச் எட் ஆர்ஜெரானும் அடிபட்டவர்தான். மிசிசிபி பல்கலைக்கழக டீம் 2007-ல் அவரை வேலையை விட்டே தூக்கியது. 2013-ல் கலிஃபோர்னியாவின் யு.எஸ்.சி டீமுக்கு தற்காலிக கோச்சாக இருந்து 8 மேட்ச்சில் 6-ஐ ஜெயித்துக் கொடுத்தும், நிரந்தர வேலை வேறொருவருக்குப் போனது. கரகரத்த குரலில் பேசும் இந்த லூசியானாக்காரருக்கு 2016-ல் சொந்த மாநிலமே கதவைத் திறந்தது.

2018-ல் பர்ரோ எறிந்த டச்டவுன் பாஸ்கள் 16. அடுத்த வருஷம்? 60! ஒரே சீசனில் அதுவரை அந்த லெவலில் யாரும் தொடாத எண். இடையில் நடந்தது என்னவென்றால், ஜோ பிரேடி என்ற இளம் கோச் புரொஃபஷனல் டீமில் கற்றதை இங்கே கொண்டுவந்தார். மைதானம் முழுக்க ஆட்களைப் பரப்பி நிறுத்தி, பந்தை வேகமாக எறியும் ஆட்டம். பந்தைப் பிடிக்க ஜமார் சேஸ், ஜஸ்டின் ஜெஃபர்சன். இன்று இருவரும் புரொஃபஷனல் லீகில் சூப்பர் ஸ்டார்கள்.

நவம்பர் 9-ம் தேதி அலபாமாவை அதன் ஊரிலேயே 46-41 என ஜெயித்தார்கள். அதற்கு முன் அலபாமாவிடம் தொடர்ந்து 8 மேட்ச் தோற்றிருந்தார்கள் என்பதால் இந்த வெற்றியின் ருசியே தனி. மாத இறுதியில் சொந்த மைதானத்தில் கடைசி மேட்ச். பர்ரோ தன் பெயரை லூசியானாவின் பிரெஞ்சு ஸ்டைல் எழுத்துக்கூட்டலில் மாற்றி எழுதிய ஜெர்ஸியோடு ஓடி வந்தார். கூட்டம் சும்மா இருக்குமா?

டிசம்பர் 28, அரையிறுதி. அன்று காலை லூசியானாவில் ஒரு சிறிய விமானம் விழுந்து நொறுங்கியது. மேட்ச் பார்க்க அதில் கிளம்பிய விளையாட்டு நிருபர் கார்லி மெக்கார்டும் உயிரிழந்தார். அவர், எல்.எஸ்.யூ அணியின் தாக்குதல் ஆட்டத்துக்குப் பொறுப்பான கோச் ஸ்டீவ் என்ஸ்மிங்கரின் மருமகள். தகவல் தெரிந்த பிறகும் என்ஸ்மிங்கர் தன் இடத்தில் உட்கார்ந்து வேலையைச் செய்தார். ஓக்லஹோமாவுக்கு எதிராக முதல் பாதியில் மட்டும் பர்ரோ 7 டச்டவுன் பாஸ். ஸ்கோர் 63-28. அந்த மனுஷர் அன்று எப்படித் தாங்கினார் என்று இதை எழுதும்போதும் புரியவில்லை.

2020 ஜனவரி 13, நியூ ஆர்லியன்ஸில் ஃபைனல். எதிரே 29 மேட்ச் தொடர்ந்து ஜெயித்திருந்த கிளெம்சன். தொடக்கத்தில் 17-7 என்று பின்தங்கிய எல்.எஸ்.யூ, கடைசியில் 42-25 என முடித்தது. 15-க்கு 15! அடுத்த சில மாதங்களில் அந்த டீமின் 14 பேரை புரொஃபஷனல் அணிகள் தேர்வு செய்தன. முதல் ஆளாகப் போனவர் பர்ரோ. கல்லூரி வீரர்கள் தங்கள் பெயரை வைத்து விளம்பரத்தில் சம்பாதிக்கக்கூட அன்று அனுமதி இல்லை. அது வந்தது 2021-ல்தான்.

இந்த சீசனில் எனக்கு மறக்க முடியாதது மைதானத்துக்கு வெளியே நடந்தது. டிசம்பர் 14, நியூயார்க். சிறந்த கல்லூரி வீரருக்கான ஹைஸ்மன் விருதை இதுவரை இல்லாத வாக்கு வித்தியாசத்தில் பர்ரோ வாங்கினார். மேடையில் கண் கலங்கியபடி, வறுமை அதிகமுள்ள தன் ஏதென்ஸ் ஊரைப் பற்றிப் பேசினார். ஸ்கூல் விட்டு வீட்டுக்குப் போனால் சாப்பிட அதிகம் இல்லாத பிள்ளைகளுக்காகவும்தான் இங்கே நிற்கிறேன் என்றார்.

அதைக் கேட்ட ஊர்க்காரர் ஒருவர், இலவசமாக உணவுப் பொருள் வழங்கும் உள்ளூர் மையத்துக்காக ஃபேஸ்புக்கில் நிதி திரட்ட ஆரம்பித்தார். அது 5 லட்சம் டாலரைத் தாண்டியது. அன்றைய மதிப்பில் சுமார் மூன்றரைக் கோடி ரூபாய்!

டீமுக்கு அந்த உச்சம் நிலைக்கவில்லை. அடுத்த சீசனில் 5 வெற்றி, 5 தோல்வி. 2021-ல் ஆர்ஜெரான் விடைபெற்றார். ஓஹையோவின் சின்சினாட்டி அணிக்கு ஆடப்போன பர்ரோவோ 2022-ல் தன் பெயரில் ஓர் அறக்கட்டளையைத் தொடங்கினார். குழந்தைகளின் மனநலத்தோடு, பசியும் அதன் வேலைப் பட்டியலில் இருக்கிறது.